ஐந்து பவுண்டு காவியம்

நூலுரிமையின் கதை – பகுதி 7

1667 ஏப்ரல் 27ஆம் தேதி லண்டனில் ஒரு விற்பனைப் பத்திரம் எழுதப்பட்டது. விற்றவர் ஜான் மில்டன். வாங்கியவர் சாமுவேல் சிம்மன்ஸ் என்ற அச்சகக்காரர். விலை பேசப்பட்ட சரக்கு, ஆங்கிலக் காவியங்களில் தலையாயது என்று பின்னால் பேரெடுத்த ‘பாரடைஸ் லாஸ்ட்’. கையில் உடனே ஐந்து பவுண்டு; முதல் அச்சில் 1300 பிரதிகள் விற்றுத் தீர்ந்தால் இன்னோர் ஐந்து; இரண்டாவது, மூன்றாவது அச்சும் அப்படியே விற்றால் மேலும் ஐந்தைந்து. ஓர் அச்சுக்கு 1500 பிரதிக்கு மேல் போடக்கூடாது என்றும் ஒரு நிபந்தனை. அந்தக் காகிதம் இன்றும் பிரிட்டிஷ் நூலகத்தில் பத்திரமாக இருக்கிறது. அடியில் மில்டனின் பெயர் உண்டு, முத்திரை உண்டு; கையெழுத்து மட்டும் அவர் கையால் இட்டதில்லை. 1652லேயே அவருக்குப் பார்வை முழுக்கப் போய்விட்டது. காவியத்தை அவர் வாயால் சொல்லச் சொல்ல வேறு பலர் எழுதிக்கொண்டார்கள். அதை விற்ற பத்திரத்திலும் அவருக்காக இறகைப் பிடித்தது இன்னொருவர் கைதான்.

இந்தப் பத்திரத்தைக் காட்டி இரங்குவது இலக்கிய வரலாற்றில் வழக்கமாகிவிட்டது. முதல் அச்சுப் பிரதி ஒன்று மூன்று ஷில்லிங்; 1300 பிரதிக்கு 195 பவுண்டு ஆகிறது; அதில் கவிஞருக்குப் பத்து என்று கணக்குப் போட்டு உச்சுக் கொட்டுவார்கள். காகிதமும் அச்சுக்கூலியும் கடைக்காரர் கழிவும் அந்த 195க்குள்தான் அடக்கம் என்பதால் அந்தக் கணக்கை அப்படியே ஏற்க முடியாது. எனக்கு அதைவிட முக்கியமாகப் படுவது வேறொரு கேள்வி: அன்று விற்கப்பட்டது என்ன? ‘ஆசிரியரின் உரிமை’ என்று ஒன்று அப்போது இங்கிலாந்தின் எந்தச் சட்டத்திலும் கிடையாது. மில்டனின் பத்திரத்திலிருந்து தொடங்கி 1774 வரை ஒரே காவியத்தின் பின்னால் போனால், நூலை எழுதியவரே அதன் உடைமைக்காரர் என்ற எண்ணம் எங்கே பிறந்தது என்பது தெரிந்துவிடும். என் முடிவை முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். அந்த எண்ணம் சட்டத்துக்குள் நுழைந்த வழி, கவிஞரின் மேசைப்பக்கம் இல்லை. புத்தகக் கடைக்காரரின் கணக்குப் பேரேட்டுப் பக்கம்.

லண்டனில் அச்சும் புத்தக வணிகமும் ‘ஸ்டேஷனர்ஸ் கம்பெனி’ என்ற தொழிற்சங்கத்தின் பிடியில் இருந்தன. கம்பெனி என்றால் இன்றைய பொருளில் எடுத்துக்கொள்ள வேண்டாம். நம் ஊர் வணிகச் சாத்துகளைப் போலத் தங்களுக்குள் விதி வகுத்துக்கொண்ட தொழில்காரர் கூட்டம். 1557இல் மேரி அரசியார் அதற்குப் பட்டயம் தந்தார். அரசுக்கு வேண்டியது, விரோதமான நூல்கள் வெளிவராமல் பார்த்துக்கொள்ளும் ஒரு காவல்நாய். வணிகர்களுக்கு வேண்டியது, ஒருவர் அச்சிட்டதை இன்னொருவர் அச்சிடாமலிருக்கும் ஏற்பாடு. இரண்டும் ஒரே பதிவேட்டில் பொருந்திவிட்டன. உறுப்பினர் ஒருவர் தன்னிடமுள்ள கையெழுத்துப் பிரதியைப் பதிவேட்டில் தன் பேருக்கு ஏற்றிவிட்டால் அந்தக் ‘காப்பி’ அவருடையது. காலவரம்பு கிடையாது. மகனுக்குப் போகும், விதவைக்குப் போகும், கடனுக்கு ஈடாகும், பங்கு பங்காகப் பிரித்து விற்கப்படும். எழுதியவருக்கு அந்த ஏட்டில் இடமில்லை. சங்கத்தில் உறுப்பினராக இல்லாதவர் தன் சொந்த நூலைத் தன் பேரில் ஏற்றிக்கொள்ள வழக்கமாக முடியாது. ஆங்கிலத்தின் ‘காப்பிரைட்’ என்ற சொல் இந்தக் காப்பியிலிருந்து வந்தது. தமிழில் நாம் வைத்துக்கொண்ட ‘பதிப்புரிமை’ என்ற சொல்லும், தெரிந்தோ தெரியாமலோ, இந்தப் பிறப்பைக் காட்டிக்கொடுக்கிறது: உரிமை ஒட்டிக்கொண்டிருப்பது பதிப்போடு, படைத்தவரோடு இல்லை.

உடனே ஒரு மறுப்பு எழும். எழுதியவருக்கு ஓர் உரிமையும் இல்லையென்றால் சிம்மன்ஸ் எதற்காக ஐந்து பவுண்டு கொடுத்தார்? தனக்கு உரிமையில்லாத ஒன்றை யாராவது விற்க முடியுமா? நியாயமான கேள்வி. ஆனால் நெசவாளி சேலையை விற்பதற்கும் உரிமை வேண்டும்தான். விற்ற பிறகு அந்தச் சேலை எத்தனை கை மாறினாலும் அவருக்கு அதில் சொல்ல ஒன்றுமில்லை. மில்டன் விற்றது கையிலிருந்த பிரதியையும், ‘இதை வேறு யாருக்கும் தரமாட்டேன்’ என்ற வாக்கையும். அச்சுக்கு இத்தனை பிரதி, ஒவ்வோர் அச்சுக்கும் இவ்வளவு பணம் என்று அவர் கட்டிய நிபந்தனைகள் அந்தக் காலத்துக்கு அபூர்வமானவை என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். எஞ்சியிருக்கும் இத்தகைய ஆங்கிலப் பத்திரங்களில் மிகப் பழையவற்றுள் இது ஒன்று. ஆனாலும் அதன் ஆயுள் குறுகியது. 1669இல் இரண்டாவது ஐந்து பவுண்டு வந்தது. 1674இல் மில்டன் இறந்தார். 1680இல் அவருடைய மனைவி எலிசபெத், மிச்சமிருந்த எல்லாப் பாத்தியதையையும் எட்டு பவுண்டுக்கு சிம்மன்ஸிடமே எழுதிக்கொடுத்தார். சிம்மன்ஸ் அதை இருபத்தைந்து பவுண்டுக்கு பிரபசான் எய்ல்மர் என்ற வணிகருக்கு விற்றார். எய்ல்மரிடமிருந்து ஜேக்கப் டான்சன் 1683இல் பாதியும் 1690இல் மறுபாதியும் வாங்கினார். மில்டன் குடும்பம் கதையிலிருந்து வெளியேறிவிட்டது என்றே எல்லாரும் நினைத்திருப்பார்கள்.

டான்சன் சாமானியர் இல்லை. 1688இல் ஐந்நூற்றுச் சொச்சம் பேரிடம் முன்பணம் வாங்கிப் படங்களோடு பெரிய அளவில் ‘பாரடைஸ் லாஸ்ட்’டைக் கொண்டுவந்து, அரசியல் காரணங்களால் ஒதுக்கப்பட்டிருந்த கவிஞரைக் கனவான்களின் வரவேற்பறைக்குள் கொண்டுபோனவர் அவர்தான். எந்தக் கவிஞரால் உங்களுக்கு அதிக லாபம் என்று கேட்டபோது ‘மில்டன்’ என்றாராம். ஓவியர் நெல்லர் வரைந்த அவருடைய உருவப்படத்தில் கையில் பிடித்திருப்பது அந்தக் காவியம்தான். ஒரு வணிகர் தன் படத்தில் தன் சரக்கோடு உட்கார்ந்திருக்கிறார். பார்ப்பவர்களுக்குப் புலவரைப் போலத் தெரிகிறார்.

இதற்கிடையே அடித்தளம் ஆட்டம் கண்டது. அச்சுக்கு உரிமம் கோரிய 1662ஆம் ஆண்டுச் சட்டம் 1695இல் காலாவதியானபோது நாடாளுமன்றம் அதைப் புதுப்பிக்க மறுத்தது. சங்கத்தின் பதிவேட்டுக்குப் பின்னால் இருந்த அரசு அதிகாரம் போயிற்று. வணிகர்கள் மனுவுக்கு மேல் மனுவாகப் போட்டார்கள். தொடக்கத்தில் அவர்களுடைய வாதம் பழைய வாதம்தான்: கட்டுப்பாடு இல்லாவிட்டால் ராஜத்துரோக நூல்கள் பெருகும், ஒழுங்கு கெடும். அது எடுபடவில்லை. பிறகு பேச்சு மாறியது. திருட்டு அச்சால் நூல் எழுதுகிற அறிஞர்கள் நொடித்துப் போகிறார்கள், அவர்களுடைய குடும்பங்கள் தெருவுக்கு வருகின்றன என்று முறையிட ஆரம்பித்தார்கள். நூற்றைம்பது ஆண்டுகளாகப் பதிவேட்டில் ஒரு வரி இடம் கொடுக்காதவரைக் கைபிடித்து அழைத்துவந்து மனுவின் முதல் வரியில் உட்காரவைத்தார்கள். 1710 ஏப்ரல் 10 முதல் நடைமுறைக்கு வந்த சட்டம் இந்தப் பேச்சைத் தன் முகவுரையிலேயே எடுத்துக்கொண்டது. ஆன் அரசியார் பெயரால் அறியப்படும் இந்தச் சட்டத்தின் தலைப்பில், கல்வியை ஊக்குவிப்பதற்காக நூலின் உரிமை ‘ஆசிரியர்கள் அல்லது விலைக்கு வாங்கியோர்’ வசம் ஒப்படைக்கப்படுவதாக வருகிறது. அந்த ‘அல்லது’வை நின்று படிக்க வேண்டும். ஆசிரியர் முன்னால் நிற்கிறார். அவர் தோளுக்குப் பின்னால் வாங்கியவர் நிற்கிறார்.

ஆனாலும் வணிகர்கள் கேட்டது அப்படியே கிடைத்துவிடவில்லை. அதுதான் இந்தக் கதையின் சுவாரசியம். அவர்கள் கேட்டது நிரந்தர உடைமை. கிடைத்தது புதிய நூலுக்குப் பதினான்கு ஆண்டு. அது முடியும்போது ஆசிரியர் உயிரோடிருந்தால் இன்னொரு பதினான்கு ஆண்டு அவரிடமே திரும்பும். பழைய நூல்களுக்கு 1731 வரை இருபத்தோர் ஆண்டு, அவ்வளவுதான். பதிவுசெய்த நூலின் ஒன்பது பிரதிகளைக் குறிப்பிட்ட நூலகங்களுக்குக் கொடுக்க வேண்டும். விலை அநியாயமாக இருந்தால் கேன்டர்பரி பேராயரிடமும் சில உயர் அதிகாரிகளிடமும் எவர் வேண்டுமானாலும் முறையிடலாம். ஆசிரியரை முன்னிறுத்தி வரம் கேட்டவர்களிடம், ‘சரி, ஆசிரியருக்கே தருகிறோம், அவர் காலத்தளவுக்குத் தருகிறோம்’ என்று நாடாளுமன்றம் சொன்ன மாதிரி இருந்தது. அந்த இரண்டாவது பதினான்கு ஆண்டுதான், எனக்குத் தெரிந்தவரை, எழுதியவரை எழுதியவர் என்பதற்காகவே இங்கிலாந்துச் சட்டம் மதித்த முதல் இடம். நடைமுறையில் பதிப்பாளர்கள் இரண்டு தவணையையும் முதலிலேயே சேர்த்து எழுதி வாங்கிவிட்டார்கள் என்பது வேறு விஷயம்.

1731 வந்தது. சட்டப்படி மில்டன் பொதுச் சொத்து. ஆனால் டான்சன் குடும்பம் கடையைக் கட்டவில்லை. காலத்தை நீட்டித்துத் தரச் சொல்லி 1730களில் வணிகர்கள் கொண்டுபோன மசோதாக்கள் தோற்றன. அப்போதுதான் அவர்களுடைய வழக்கறிஞர்கள் ஒரு புதிய பாதை கண்டுபிடித்தார்கள். 1710ஆம் ஆண்டுச் சட்டம் உரிமையைப் படைக்கவில்லை. ஏற்கெனவே இருந்த உரிமைக்கு அபராத விதிகள் என்ற வேலியை மட்டும் போட்டது. வேலியின் காலம் முடிந்தாலும் நிலம் நிலமாகவே இருக்கும் என்றார்கள். அந்த நிலத்துக்கு மூலப்பத்திரம் எது? உழைப்பு. தன் உழைப்பால் ஒருவர் உண்டாக்கியது அவருடையது. நூல் ஆசிரியரின் உழைப்பில் உண்டானது. எனவே அது வழக்காற்றுச் சட்டப்படி என்றென்றும் அவருடையது. அவர் எங்களுக்கு விற்றுவிட்டார். ஆகவே என்றென்றும் எங்களுடையது. இந்த வாதத்தில் கடைசி வாக்கியம்தான் வணிகருக்கு வேண்டியது. ஆனால் அதற்கு முந்தைய வாக்கியங்கள் இல்லாமல் அது நிற்காது. நிரந்தரமாக விற்பதற்கு, நிரந்தரமாக வைத்திருந்த ஒருவர் தேவைப்பட்டார். அவரைத்தான் நாம் இன்று ‘படைப்பாளி’ என்கிறோம்.

வழக்காடு மன்றம் தனியாக இதைச் செய்துவிடவில்லை, காலமும் ஒத்துழைத்தது. 1741இல் கவிஞர் அலெக்சாண்டர் போப், தன் கடிதங்களை அனுமதியின்றி அச்சிட்ட எட்மண்ட் கர்ல் என்ற கடைக்காரர்மீது வழக்குப் போட்டார். கடிதம் எழுதப்பட்ட தாள் பெற்றவருக்குச் சொந்தம், அதிலுள்ள வாசகம் எழுதியவருக்குச் சொந்தம் என்று ஹார்ட்விக் பிரபு தீர்ப்பளித்தார். தாளும் சொல்லும் அன்று சட்டத்தில் பிரிந்தன. 1759இல் எட்வர்ட் யங் என்ற முதிய கவிஞர், பிறரைப் பார்த்துச் செய்யாத அசல் படைப்பு செடியைப் போல மேதையின் வேரிலிருந்து தானாக முளைக்கிறது என்று ஒரு கட்டுரை எழுதினார். சாமுவேல் ரிச்சர்ட்சனுக்கு எழுதிய கடிதமாக அது அமைந்தது. ரிச்சர்ட்சன் நாவலாசிரியர் மட்டும் இல்லை, அச்சகக்காரரும்கூட. தம் நாவலை அயர்லாந்தில் திருட்டு அச்சுப் போட்டதால் கொதித்துப்போயிருந்தவர். மேதையைப் பற்றிய தத்துவம் அச்சுக்கூடத்து முகவரிக்கு எழுதப்பட்டதைத் தற்செயல் என்று தள்ளிவிட எனக்கு மனம் வரவில்லை.

மில்டனே இந்த மாற்றத்தில் சிக்கினார். 1740களின் கடைசியில் வில்லியம் லாடர் என்ற ஸ்காட்லாந்துக்காரர், ‘பாரடைஸ் லாஸ்ட்’ பல லத்தீன் கவிஞர்களிடமிருந்து திருடப்பட்டது என்று சான்றுகளோடு எழுதினார். இலக்கிய விமர்சகர் சாமுவேல் ஜான்சனே நம்பி அந்த நூலுக்கு முன்னுரையும் பின்குறிப்பும் எழுதிக்கொடுத்தார். 1750இல் ஜான் டக்ளஸ் என்ற பாதிரியார் குட்டை உடைத்தார்: லாடர் செய்த வேலை, மில்டன் காவியத்துக்குப் பின்னால் வந்த லத்தீன் மொழிபெயர்ப்பிலிருந்தே வரிகளை உருவி, அவற்றைப் பழைய கவிஞர்களின் தலையில் கட்டியது. இந்த மோசடியில் நான் கவனிக்கும் செய்தி ஒன்று. மில்டனின் கதை விவிலியத்தின் ஆதியாகமத்திலிருந்து வந்தது என்பது குழந்தைக்கும் தெரியும். நம் மரபில் அதற்கு ஒரு கௌரவமான பெயரே உண்டு. நூலை முதல், வழி, சார்பு என்று வகுத்தவர் நன்னூலார். கம்பனை வான்மீகியின் வழி வந்தவன் என்று சொல்வது எந்த நாளும் வசையாக இருந்ததில்லை. உரை எழுதியவரையும் ‘உரையாசிரியர்’ என்று ஆசிரியர் வரிசையில் உட்காரவைத்த மரபு நம்முடையது. மூலம் இருப்பதே களவுக்குச் சான்றாகும் ஒரு காலம் வந்தால்தான் லாடரின் சரக்கு விலைபோகும். பதினெட்டாம் நூற்றாண்டு லண்டனில் அந்தக் காலம் வந்துவிட்டிருந்தது.

லண்டன் வணிகர்களுக்கு எதிராளி எடின்பரோவிலிருந்து வந்தார். அலெக்சாண்டர் டொனால்ட்சன், கெடு முடிந்த நூல்களை மட்டும் தேடி அச்சிட்டு, லண்டன் விலையைவிட முப்பது முதல் ஐம்பது சதவீதம் மலிவாக விற்றவர். 1763இல் லண்டன் ஸ்ட்ராண்ட் பகுதியிலேயே வந்து கடை விரித்தார். முதல் சுற்றில் வணிகர்களுக்கு வெற்றி. ஜேம்ஸ் தாம்சனின் ‘தி சீசன்ஸ்’ கவிதை நூலைப் பற்றிய மில்லர் எதிர் டெய்லர் வழக்கில் 1769இல் மான்ஸ்ஃபீல்ட் பிரபு தலைமையிலான நீதிபதிகள் மூன்றுக்கு ஒன்று என்ற கணக்கில் நிரந்தர உரிமை உண்டு என்றார்கள். மறுத்தவர் ஜோசப் யேட்ஸ். உடைமை என்றால் கைப்பற்றவும் எல்லை வகுக்கவும் கூடியதாக இருக்க வேண்டும். வெளியிட்ட பிறகு கருத்தை யார் பிடித்துவைப்பது? பல்லாண்டு உழைத்து ஓர் இயந்திரத்தைக் கண்டுபிடிப்பவருக்கு இல்லாத முடிவற்ற உரிமை நூல் எழுதியவருக்கு மட்டும் எப்படி வந்தது? இந்த இரண்டாவது கேள்விக்கு மற்ற மூவரும் திருப்தியான விடை சொன்னதாக எனக்குத் தோன்றவில்லை. உழைப்புதான் மூலப்பத்திரம் என்றால் கடிகாரம் செய்தவர் வீட்டிலும் அதே பத்திரம் இருக்கிறதே.

வழக்குப் போட்ட ஆண்ட்ரூ மில்லர் தீர்ப்பைப் பார்க்காமலே இறந்தார். அவருடைய சொத்துகள் ஏலம் போனபோது ‘தி சீசன்ஸ்’ உரிமையை தாமஸ் பெக்கெட்டும் கூட்டாளிகளும் 505 பவுண்டுக்கு எடுத்தார்கள். தாம்சன் இறந்து இருபது ஆண்டுக்கு மேல் ஆகியிருந்தது. டொனால்ட்சன் அதையும் அச்சிட, வழக்கு பிரபுக்கள் சபைவரை போய் 1774 பிப்ரவரி 22ஆம் தேதி முடிவானது. நிரந்தர உரிமை இல்லை. 1710ஆம் ஆண்டுச் சட்டம் சொன்ன கெடுவே கெடு. நூலுரிமைக்கு ஒரு முடிவு உண்டு என்பது அன்று உறுதியாயிற்று. ஸ்காட்லாந்தில் கொண்டாட்டம். லண்டனில் ஒரு பத்திரிகை, ஏலத்தில் நேர்மையாக வாங்கிய ஏறக்குறைய இரண்டு லட்சம் பவுண்டு பெறுமான சொத்து ஒரே நாளில் ஒன்றுமில்லாமல் போயிற்று என்று எழுதியது. நட்டக் கணக்கு முழுக்க வணிகர்களுடையது. ஆசிரியர்களின் பேரால் நடந்த வழக்கில் ஓர் ஆசிரியருக்கு இவ்வளவு நட்டம் என்று ஒரு வரிகூட இல்லை.

அந்த விவாதத்தில் கேம்டன் பிரபு பேசியது பெயர்பெற்ற பேச்சு. அவர் கையில் எடுத்ததும் மில்டனின் ஐந்து பவுண்டைத்தான். கடைக்காரர் நீட்டிய அந்த அற்பத் தொகையை மில்டன் தன் உழைப்பின் கூலியாக நினைத்து வாங்கவில்லை. தன் நூலின் விலை அழியாப் புகழ் என்று அவருக்குத் தெரியும். நியூட்டனும் லாக்கும் காசுக்காக எழுதவில்லை. நிரந்தர உரிமையை அனுமதித்தால் கல்வியெல்லாம் டான்சன்களின் பெட்டிக்குள் பூட்டப்பட்டுவிடும் என்றார். முடிவுரை சரி, முன்னுரை தவறு. டான்சன் பெட்டியைப் பற்றி அவர் சொன்னது கண்முன் நடந்துகொண்டிருந்தது. ஆனால் எழுதுகிறவனுக்குப் புகழ் போதும் என்று ஒரு பிரபு சொல்லும்போது, வயிற்றைக் கழுவ வேறு வழி உள்ளவர் பேச்சு அது என்று சொல்லத்தான் வேண்டும். அன்றே ஒருவர் சொன்னார். வரலாற்றாசிரியர் கேத்தரின் மெக்காலே அதே ஆண்டில் வெளியிட்ட சிறு நூலில், எழுதித்தான் குடும்பம் நடத்த வேண்டியவர்கள் புகழைத் தின்று வாழ முடியாது என்று கேம்டனுக்குப் பதில் கொடுத்தார்.

என் வாதத்துக்கு எதிரான வலுவான சாட்சிகள் இவர்கள்தான்: எழுத்தாளர்களே உரிமை கேட்டிருக்கிறார்கள். 1704லேயே டேனியல் டீஃபோ திருட்டு அச்சுக்கு எதிராக எழுதினார். ‘ஏரியோபஜிட்டிகா’ என்ற நூலில் தணிக்கையைக் கிழித்துப்போட்ட மில்டன், அவரவர் காப்பி அவரவருக்கு என்பதை மட்டும் ஒத்துக்கொண்டார். போப் ‘இலியட்’ மொழிபெயர்ப்பில் ஏறக்குறைய 5000 பவுண்டு சம்பாதித்தார். இவர்களையெல்லாம் வணிகர்களின் கைப்பொம்மைகள் என்று சொல்வது அபத்தம். ஆனால் அவர்கள் கேட்டதையும் வணிகர்கள் கேட்டதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். எழுதியவர்கள் கேட்டது தங்கள் ஆயுளுக்கும் பிள்ளைகளுக்கும் ஒரு பாதுகாப்பு. போப்புக்குப் பணம் வந்ததுகூட நிரந்தர உரிமையால் இல்லை. சந்தா சேர்த்ததாலும் பதிப்பாளரிடம் பேரம் பேசியதாலும்தான். ஜான்சன் இருவருக்கும் நடுவில் நின்றார். படைத்தவருக்குள்ள உரிமை, நிலத்தை வளைத்துப்போட்டவனின் உரிமையைவிட வலுவானது என்று ஒத்துக்கொண்டார். ஆனாலும் அறிவு உலகத்துக்குப் போய்ச் சேர வேண்டும் என்பதற்காக, ஆசிரியரின் ஆயுளும் அதற்கு மேல் முப்பது ஆண்டும் போதும் என்று தீர்ப்புக்குப் பின் ஒரு கடிதத்தில் எழுதினார். நிரந்தரம் கேட்டவர்கள் வாங்கி அடுக்கியவர்களே.

தீர்ப்புக்குப் பிறகு ஜான் பெல் என்பவர் ஆங்கிலக் கவிஞர்களைச் சிறு சிறு தொகுதிகளாக, மொத்தம் 109, மலிவாக வெளியிட ஆரம்பித்தார். பூட்டு உடைந்த பிறகு லண்டன் வணிகர்களுக்கு எஞ்சியிருந்த ஆயுதம் தரம். தாங்களும் ஒரு வரிசை போட்டு, ஒவ்வொரு கவிஞருக்கும் முன்னுரை எழுத ஜான்சனை அமர்த்தினார்கள். என்ன வேண்டும் என்று கேட்டதற்கு அவர் இருநூறு கினி என்றார். ஆயிரம் கேட்டிருந்தாலும் கொடுத்திருப்பார்கள் என்று பின்னால் பேசிக்கொண்டார்கள். அந்த முன்னுரைகள்தான் ‘கவிஞர்களின் வாழ்க்கைகள்’ என்று இன்றும் படிக்கப்படுபவை. அவற்றில் 1779இல் வெளிவந்த மில்டன் வாழ்க்கையில், கதையிலிருந்து நாம் வழியனுப்பிவிட்ட குடும்பம் திரும்ப வருகிறது.

நிரந்தர உரிமைக்காகச் சொல்லப்பட்ட வாதங்களில் மனத்தைத் தொடுவது வாரிசுகளைப் பற்றியது. பெரும் கவிஞரின் பேரப்பிள்ளைகள் பிச்சையெடுக்கும்போது ஊரார் அவர் நூலை விற்றுத் தின்பதா என்ற கேள்வி இன்றும் கேட்கப்படுகிறது. சோதித்துப் பார்க்க ‘பாரடைஸ் லாஸ்ட்’டைவிட நல்ல உதாரணம் அமையாது. மில்டனின் பேத்தி எலிசபெத் ஃபாஸ்டர் லண்டனில் மெழுகுவர்த்தியும் சில்லறைச் சாமானும் விற்கும் பெட்டிக்கடை வைத்திருந்தார். பெற்ற ஏழு பிள்ளைகளும் இறந்துவிட்டிருந்தன. லாடரின் நூலுக்கு ஜான்சன் எழுதிய அந்தப் பின்குறிப்பே இந்த மூதாட்டிக்கு உதவக் கேட்டு எழுதியதுதான். 1750 ஏப்ரல் 5ஆம் தேதி ட்ரூரி லேன் அரங்கில் மில்டனின் ‘கோமஸ்’ நாடகம் அவருடைய உதவி நிதிக்காக நடிக்கப்பட்டது. முன்பாட்டு ஜான்சன் எழுத, நடிகர் கேரிக் மேடையில் சொன்னார். உதவிக் காட்சி என்றால் என்னவென்றே அந்த அம்மாளுக்குத் தெரியவில்லை என்று ஜான்சன் எழுதுகிறார். இரண்டு ஆண்டு கழித்து, 1752இல், டான்சன் குடும்பம் சான்சரி நீதிமன்றத்தில் வாக்கர் என்பவருக்கு எதிராகத் தடையாணை வாங்கியது. தாமஸ் நியூட்டன் என்ற பாதிரியாரின் குறிப்புகளோடு கூடிய ‘பாரடைஸ் லாஸ்ட்’ அந்த வழக்கின் பொருள். சட்டக் கெடு முடிந்து இருபத்தோர் ஆண்டு ஆகியும் உரிமை அங்கே உயிரோடுதான் இருந்தது. அதன் பலனில் ஒரு பென்னிகூடப் பேத்தியின் கடைக்குப் போகவில்லை. போக வழியும் இல்லை.

1835ஆம் ஆண்டுக் கல்விக் குறிப்பால் நம்மவர் எல்லாருக்கும் தெரிந்த தாமஸ் மெக்காலே, இந்தியாவிலிருந்து திரும்பி எடின்பரோவின் உறுப்பினராகிவிட்டிருந்த 1841இல், இந்தப் பேத்தியின் கதையைத்தான் நாடாளுமன்றத்தில் எடுத்துச் சொன்னார். ஆசிரியர் இறந்து அறுபது ஆண்டுவரை உரிமையை நீட்டக் கோரி டால்ஃபோர்ட் என்ற உறுப்பினர் கொண்டுவந்த மசோதா 45க்கு 38 என்று தோற்றது. அடுத்த ஆண்டு சமரசமாக நாற்பத்திரண்டு ஆண்டு அல்லது ஆயுளும் அதற்கு மேல் ஏழு ஆண்டும் என்று சட்டம் வந்தது. 1847இல் அதே கணக்கு கிழக்கிந்திய கம்பெனியின் ஆட்சிப் பகுதிகளுக்கும் ஏறி சென்னை வந்து சேர்ந்தது. அந்தக் கதை அடுத்த பகுதிக்கு.

ட்ரூரி லேன் காட்சியில் வசூலானது 130 பவுண்டு என்று ஜான்சன் கணக்குத் தருகிறார். அந்தப் பணத்தைக் கொண்டு எலிசபெத் ஃபாஸ்டர் இஸ்லிங்டனுக்குக் கடையை மாற்றிக்கொண்டார். நன்கொடையாளர் பட்டியலில் அப்போதைய ஜேக்கப் டான்சனின் பெயரும் உண்டு. மில்டனுக்கு ஐந்தும் ஐந்தும், அவருடைய மனைவிக்கு எட்டுமாக அந்தக் காவியத்துக்கு அந்தக் குடும்பம் பெற்ற மொத்த விலை பதினெட்டு பவுண்டு. டான்சன் பேத்திக்குக் கொடுத்த தருமம் இருபது.